பஞ்சாலையின் சீரும் லயமும்: பாபநாசம் ஆலையை முன்வைத்து

பஞ்சாலை அல்லது நூற்பாலை என்பது பொதியாக வரும் பருத்திப் பஞ்சைத் தூய்மை செய்து, அதன் இழைகளை ஒழுங்குபடுத்தி, நீட்டி, முறுக்கி நூலாக மாற்றும் தொழிற்சாலை ஆகும். திருநெல்வேலி மாவட்டத்தில் பாபநாசம் மலையடிவாரத்தில், விக்கிரமசிங்கபுரத்தில் அமைந்த ஆலை தென் தமிழகத்தின் பழமையான பஞ்சாலைகளுள் ஒன்று. தாமிரபரணி ஆற்றின் விசையைக் கொண்டு 19-ஆம் நூற்றாண்டின் இறுதியில் இது இயங்கத் தொடங்கியது.

பஞ்சாலையின் உள்ளே முதன்முறை நுழைபவரைக் கவர்வது அதன் லயம். பல்லாயிரம் கதிர்கள் ஒரே வேகத்தில் சுழல்வதும், இயந்திரச் சட்டம் மூச்சு விடுவதுபோல் ஏறி இறங்குவதும், பஞ்சு மெல்லிய வலையாக வழிந்து வருவதும் காண்பதற்கு அழகானவை. இந்த அழகு அலங்காரத்துக்காக உண்டானதன்று. சீரற்ற பஞ்சைச் சீரான நூலாக்க வேண்டும் என்னும் ஒரே தேவையிலிருந்து பிறந்தது. அந்தச் சீரைக் காக்க ஆறும் இயந்திரமும் மனித உடலும் தத்தம் இயல்பை எவ்வாறு மாற்றிக்கொள்ள நேர்ந்தது என்பதையும் சேர்த்துப் பார்த்தால்தான் பஞ்சாலையின் லயம் முழுமையாக விளங்கும்.

சொல் விளக்கம்

தமிழில் 'சீர்' என்பது ஒழுங்கையும் குறிக்கும். செய்யுளின் உறுப்பையும் குறிக்கும். 'நூல்' என்பது இழையையும் குறிக்கும், ஏட்டையும் குறிக்கும். நன்னூலின் பாயிரப் பகுதி, நூல் இயற்றும் புலவனை நூல் நூற்கும் பெண்ணுக்கும், அவனுடைய மதியை நூற்கும் கதிருக்கும் ஒப்பிடுகிறது. ஆலைகளில் சுழலும் தண்டுக்கு இன்றும் 'கதிர்' என்றே பெயர். ஓர் ஆலை எவ்வளவு பெரியது என்பதை அதன் கதிர்களின் எண்ணிக்கையைக் கொண்டே கூறுவர்.

அமைவிடமும் ஆறும்

பொதிகை மலையில் தோன்றும் தாமிரபரணி, பாபநாசத்தில் மலையிலிருந்து சமவெளிக்கு இறங்குகிறது. பின்னர் விக்கிரமசிங்கபுரம், அம்பாசமுத்திரம், கல்லிடைக்குறிச்சி, சேரன்மகாதேவி, திருநெல்வேலி, ஸ்ரீவைகுண்டம் வழியாகச் சென்று புன்னைக்காயல் அருகே மன்னார் வளைகுடாவில் கலக்கிறது. தென்மேற்குப் பருவமழை, வடகிழக்குப் பருவமழை ஆகிய இரண்டாலும் நீர் பெறுவது இவ்வாற்றின் சிறப்பு. எனினும் ஆண்டு முழுவதும் ஒரே அளவில் நீர் வருவதில்லை. ஐப்பசி, கார்த்திகையில் கரை புரளும் ஆறு பங்குனி, சித்திரையில் மெலிந்துவிடும்.

ஆலை அமைக்க இவ்விடம் ஏற்றதாக இருந்ததற்குக் காரணம் நீரின் அளவு மட்டுமன்று. அது விழும் உயரமும் ஆகும். ஒரு வினாடிக்கு ஒரு கன மீட்டர் வீதம் நீர் 10 மீட்டர் உயரத்திலிருந்து விழுந்தால், கணக்கின்படி ஏறத்தாழ 98 கிலோவாட் ஆற்றல் கிடைக்கும். விரயம் போக எஞ்சுவதைக் கொண்டு இயந்திரங்களை ஓட்டலாம். நீர்விசை ஆலை நீரைச் செலவழிப்பதில்லை. நீர் விழும் உயரத்தை மட்டுமே பயன்படுத்துகிறது. உருளையைச் சுழற்றிய நீர் மீண்டும் ஆற்றில் சேர்ந்து, கீழே உள்ள அணைக்கட்டுகளின் வழியாக வயல்களுக்குப் போகும்.

உலக வரலாற்றிலும் இயந்திர நூற்பு ஆற்றங்கரையில்தான் வேரூன்றியது. இங்கிலாந்தில் ரிச்சர்ட் ஆர்க்ரைட் 1769-இல் காப்புரிமை பெற்ற நூற்பு இயந்திரம், நீரால் இயங்கியதால் 'வாட்டர் ஃபிரேம்' என்றே பெயர் பெற்றது. 1771-இல் குரோம்ஃபோர்டில் அவர் தொடங்கிய ஆலை பிற்கால ஆலைகளுக்கெல்லாம் முன்மாதிரி ஆயிற்று. அதற்கு ஒரு நூற்றாண்டுக்குப் பின் அதே முறை பொதிகை அடிவாரத்துக்கு வந்தது.

ஆலையின் தோற்றம்

ஸ்காட்லாந்தைச் சேர்ந்த ஆண்ட்ரூ ஹார்வி, ஃபிராங்க் ஹார்வி சகோதரர்கள் தென் தமிழகத்தில் பருத்தி வணிகம் செய்துவந்தனர். பஞ்சை அப்படியே கப்பலேற்றுவதைவிட இங்கேயே நூலாக்குவது ஆதாயம் எனக் கண்டு, 1880-களில் பாபநாசம் ஆலையை நிறுவினர். அதைத் தொடர்ந்து தூத்துக்குடியில் கோரல் ஆலையும், 1892-இல் மதுரையில் மதுரா ஆலையும் தொடங்கப்பட்டன. மக்கள் வழக்கில் இவை 'ஹார்வி மில்' எனப்பட்டன. தையல் நூலுக்குப் பெயர்பெற்ற ஜே. அண்ட் பி. கோட்ஸ் நிறுவனத்துடன் 1974-இல் இணைந்தபின், நிறுவனம் 'மதுரா கோட்ஸ்' என அழைக்கப்படலாயிற்று.

மின்சாரம் வருவதற்கு முந்தைய நீர்விசை ஆலைகளில், நீர் உருளையின் சுழற்சி ஒரு பெரிய தண்டின் வழியாக ஆலை முழுவதும் கொண்டுசெல்லப்பட்டது. அத்தண்டிலிருந்து தோல் வார்களும் கயிறுகளும் ஒவ்வோர் இயந்திரத்தையும் சுழற்றின. ஆகவே எல்லா இயந்திரங்களுக்கும் ஒரே மூலம், ஒரே கதி. ஆறு தளர்ந்தால் ஆலை முழுவதும் தளரும்.

மேலணை எனப்படும் பாபநாசம் அணை 143 அடி உயரம் வரை நீரைத் தேக்குகிறது. பாபநாசம் நீர்மின் நிலையம் 1944-இல் செயல்படத் தொடங்கியது. அதன்பின் ஆற்றின் ஏற்ற இறக்கத்தை அணை ஏற்றுக்கொண்டு, சீரான நீரோட்டத்தைக் கீழே விடலாயிற்று. பஞ்சைச் சீராக்கும் முன் ஆற்றைச் சீராக்க வேண்டியிருந்தது என்று இதைச் சொல்லலாம்.

மூலப்பொருள்

தாமிரபரணிக் கரை நெல் விளையும் நிலம். ஆலைக்கு வேண்டிய பருத்தி அதன் வடக்கே உள்ள கரிசல் காட்டில் விளைந்தது. கோவில்பட்டி, எட்டயபுரம், விளாத்திகுளம் வட்டாரங்களின் கருங்கண்ணி, உப்பம் ஆகிய நாட்டுப் பருத்திகள் வெளிநாட்டுச் சந்தைகளிலும் திருநெல்வேலியின் பெயராலேயே விற்கப்பட்டன. (1986-இல் மாவட்டம் பிரிக்கப்பட்டபின் இவ்வட்டாரங்கள் தூத்துக்குடி மாவட்டத்தில் அடங்கும்.) பருத்தி ஆய்வுக்காகக் கோவில்பட்டியில் 1901-இல் வேளாண் ஆராய்ச்சி நிலையம் அமைக்கப்பட்டது.

மானாவாரியில் விளையும் பருத்தியில் எந்த இரண்டு இழைகளும் ஒரே நீளம் உடையவை அல்ல. ஒரே காயிலிருந்து எடுத்த இழைகளிலும் நீண்டதும் குட்டையும், முற்றியதும் முற்றாததும் கலந்திருக்கும். சருகு, விதைத்தோல், மண் ஆகியவையும் உடன் வரும். இந்தக் கலவையிலிருந்து, கிலோமீட்டர் கணக்கில் நீண்டாலும் தடிமன் மாறாத நூலை உண்டாக்குவதே ஆலையின் பணி.

செயல்முறை

பஞ்சு பிரித்தல்

முதற்பகுதி 'புளோ ரூம்'. இரும்புப் பட்டையால் இறுகக் கட்டிய பல பொதிகளை வரிசையாக வைத்து, ஒவ்வொன்றிலிருந்தும் சிறிது சிறிதாகப் பஞ்சை எடுத்துக் கலப்பர். ஒரே பொதியை முழுவதும் போட்டுவிட்டு அடுத்ததற்குப் போனால் நூலின் தன்மை பொதிக்குப் பொதி மாறிவிடும். அடிக்கும் உருளைகள் பஞ்சை உதறிக் குப்பையைக் கீழே தள்ள, காற்று அதைக் குழாய் வழியே அடுத்த இயந்திரத்துக்குக் கொண்டுசெல்லும். ஆலையின் கனத்த, மந்தமான ஓசை இங்கேயிருந்து எழுவது.

கார்டிங்

கார்டிங் என்பது பஞ்சைச் சிக்கெடுத்து வாருதல். ஏறத்தாழ ஒன்றேகால் மீட்டர் விட்டமுள்ள பெரிய உருளையின்மேல் எண்ணற்ற நுண்ணிய கம்பிப் பற்கள் இருக்கும். அதற்கு மிக அருகில், எதிரே நகரும் பற்களுக்கிடையே பஞ்சு இழுபடும்போது ஒவ்வோர் இழையும் தனியாகப் பிரிகிறது. மறுபுறத்தில் பஞ்சு சிலந்தி வலை போன்ற மெல்லிய திரையாக வெளிவரும். அதன் வழியே எதிரே நிற்பவரைப் பார்க்கலாம். பின்னர் அத்திரை ஒரு சிறு துளையில் குவிந்து, விரல் தடிமனுள்ள மென்மையான பட்டையாகி, உயரமான கேனுக்குள் பூவிதழ் அடுக்கியதுபோல் வட்டம் வட்டமாக இறங்கும். பஞ்சாலையைப் படம் எடுப்போர் பெரும்பாலும் இந்த இடத்தில்தான் நிற்பர்.

டிராயிங்

சீரை உண்டாக்கும் முக்கியமான படி இதுவே. எட்டுக் கேன்களிலிருந்து எட்டுப் பட்டைகளை ஒன்றாகச் சேர்த்து, உருளை இணைகளுக்கிடையே எட்டு மடங்கு நீட்டினால் மீண்டும் பழைய தடிமனுள்ள ஒரே பட்டை கிடைக்கும். பார்ப்பதற்கு வீண் வேலை போலத் தோன்றும். எட்டைச் சேர்த்து ஒன்றாக்குவதால் என்ன பயன்?

ஒரு மேசையின் நீளத்தை எட்டு மாணவர்கள் தனித்தனியே அளந்தால் எட்டு விடைகளும் சற்று வேறுபடும். அவற்றின் சராசரியை எடுத்தால் பிழை குறையும். ஒருவர் கூட்டிச் சொன்னதை மற்றவர் குறைத்துச் சொன்னது ஈடுசெய்துவிடும். பட்டையிலும் இதுவே நிகழ்கிறது. ஒன்றில் தடித்த இடமும் மற்றொன்றில் மெலிந்த இடமும் அருகருகே சேரும்போது குறை நிரவப்படுகிறது. கணக்கின்படி, எட்டைச் சேர்த்தால் சீரின்மை எட்டின் வர்க்கமூலத்தால், அதாவது ஏறத்தாழ 2.8-ஆல் வகுபடும். இதை இருமுறை செய்தால் 64 பட்டைகள் ஒன்றில் கலந்துவிடும். நீட்டும் செயலால் புதிதாகச் சிறிது சீரின்மை உண்டாவதால் இதை எத்தனை முறையும் செய்துகொண்டே போக முடியாது.

சிம்ப்ளக்ஸ்

இங்கே பட்டை மேலும் மெலிந்து, அறாமல் இருக்கும் அளவுக்கு மட்டும் சிறிது முறுக்கேறி, பாபினில் சுற்றப்படுகிறது. இதில் ஒரு நுட்பம் உண்டு. சுற்றச் சுற்றப் பாபின் பருக்கும். பருத்த பாபின் ஒரு சுற்றில் அதிக நீளத்தை இழுக்கும். மெல்லிய பஞ்சுத்திரி அறுந்துவிடும். ஆகவே ஒவ்வோர் அடுக்கு முடிந்ததும் சுற்றும் வேகம் சிறிதளவு மாற வேண்டும். பழைய இயந்திரங்களில் கூம்பு வடிவ உருளைகள் இரண்டின்மேல் ஓடும் வார், ஒவ்வோர் அடுக்குக்கும் சற்றே நகர்ந்து இவ்வேலையைச் செய்தது. இன்று கணினி கட்டுப்படுத்தும் தனித்தனி மோட்டார்கள் செய்கின்றன.

நூற்பு

இறுதிப் படி 'ரிங் ஃபிரேம்'. 1828-இல் அமெரிக்காவில் ஜான் தார்ப் உருவாக்கிய வளைய நூற்பு முறையே இதன் அடிப்படை. இந்தியாவில் ஜாம்ஷெட்ஜி டாட்டாவின் நாக்பூர் எம்ப்ரஸ் ஆலை (1877) இதைத் தொடக்கத்திலேயே ஏற்ற ஆலைகளுள் ஒன்று.

கதிரைச் சுற்றி ஓர் உருக்கு வளையமும், அதன் விளிம்பில் 'டிராவலர்' என்னும் சிறு கம்பிக் கொக்கியும் உண்டு. நூல் இக்கொக்கியின் வழியே பாபினுக்குச் செல்கிறது. கதிர் சுழலும்போது நூல் கொக்கியை இழுத்துக்கொண்டு வளையத்தைச் சுற்ற, ஒவ்வொரு சுற்றுக்கும் நூலில் ஒரு முறுக்கு ஏறுகிறது. உராய்வினால் கொக்கி கதிரைவிடச் சிறிது பின்தங்கும். பின்தங்கிய சுற்றுகள் எத்தனையோ அத்தனை சுற்று நூல் பாபினில் ஏறும்.

ஓர் எடுத்துக்காட்டு வருமாறு. நடுத்தரமான 40-ஆம் நம்பர் நூலுக்கு ஒரு சென்டிமீட்டருக்கு ஏறத்தாழ 10 முறுக்கு வேண்டும். கதிர் நிமிடத்துக்கு 16,000 முறை சுழன்றாலும் வெளிவரும் நூல் நிமிடத்துக்கு 16 மீட்டர் மட்டுமே. அந்த 16,000 சுற்றுகளில் கொக்கி பின்தங்குவது ஏறத்தாழ 160 சுற்று. 40 மில்லிமீட்டர் விட்டமுள்ள வளையத்தில் அக்கொக்கி மணிக்கு ஏறத்தாழ 120 கிலோமீட்டர் வேகத்தில் ஓடுகிறது. 50 கிராம் நூல் கொண்ட ஒரு பாபின் நிரம்ப மூன்றரை மணி நேரம் ஆகும். நூற்பாலையில் வேகமும் பொறுமையும் ஒரே இடத்தில் நிகழ்வதை இக்கணக்கு காட்டும்.

நூலின் நம்பர் என்பது, ஒரு ராத்தல் எடையில் 840 கஜம் கொண்ட சிட்டங்கள் எத்தனை என்பதாகும். 60-ஆம் நம்பர் நூல் ஒரு ராத்தல், அதாவது அரைக் கிலோவுக்கும் குறைவான எடை, ஏறத்தாழ 46 கிலோமீட்டர் நீளும். பாபநாசத்துக்கும் திருநெல்வேலிக்கும் இடையிலான தொலைவுக்கு இது ஒப்பானது.

கண்ணுக்குத் தெரிவன வேறு. கொக்கியும் நூலும் சுழலும் வேகத்தில் ஒவ்வொரு கதிரைச் சுற்றியும் கண்ணாடிக் குமிழ் போன்ற தோற்றம் உண்டாகும். இதற்குப் 'பலூன்' என்று பெயர். வளையங்களைத் தாங்கும் சட்டம், நூல் சீராகப் படிவதற்காக மெல்ல ஏறி இறங்கிக்கொண்டே இருக்கும். நீண்ட வரிசையில் நூற்றுக்கணக்கான குமிழ்கள் ஒருசேர உயர்ந்து தாழும்.

நூலில் தெரியக் கூடாத தாளம்

பஞ்சாலையில் எங்கும் தாளம் உண்டு. ஆனால் நூலில் தாளம் தெரிந்தால் அது பழுது. நூற்பு இயந்திரத்தின் முன் உருளை 25 மில்லிமீட்டர் விட்டம் உடையது எனக் கொண்டால் அதன் சுற்றளவு ஏறத்தாழ 8 சென்டிமீட்டர். அவ்வுருளை மயிரிழை அளவு கோணியிருந்தாலும் நூலில் 8 சென்டிமீட்டருக்கு ஒருமுறை தடித்த இடம் வரும். தனி நூலில் அது கண்ணுக்குப் புலப்படாது. துணியாக நெய்தபின் அலையலையான வரிகளாகத் தோன்றிவிடும். 'நூலைப் போல சேலை' என்னும் பழமொழி இங்கே எழுத்துக்கு எழுத்து உண்மை.

இதனால் ஆலையின் ஆய்வுக்கூடத்தில், நூலின் பழுது எவ்வளவு இடைவெளியில் திரும்ப வருகிறது என்பதை அளந்து, எந்த உருளை அல்லது எந்தப் பல்சக்கரம் குற்றவாளி எனக் கண்டுபிடிக்கின்றனர். அனுபவமுள்ள மேஸ்திரிகள் ஓசை மாறுவதைக் கொண்டே பழுதை அறிந்தனர். நல்ல நூல் என்பது, தன்னை உண்டாக்கிய இயந்திரத்தின் தடம் எதுவும் இல்லாத நூல்.

தொழிலாளரின் கதி

தொழிலாளரின் உழைப்பும் நூலில் தெரிவதில்லை. ஆனால் அது இல்லாமல் சீர் இல்லை. ரிங் ஃபிரேமில் அவ்வப்போது ஏதேனும் ஓர் இழை அறும். 'சைடர்' எனப்படும் தொழிலாளி இரு வரிசைகளுக்கிடையே நடந்துகொண்டே இருந்து, அறுந்ததைக் கண்டதும் அந்தக் கதிரை மட்டும் நிறுத்தி, பாபினிலிருந்து நூல் முனையை எடுத்து, கொக்கியில் மாட்டி, உருளையிலிருந்து வழியும் பஞ்சுடன் தொட்டுச் சேர்த்து விடுவார். கைதேர்ந்தவருக்குச் சில வினாடிகளே ஆகும். மற்றக் கதிர்கள் ஓடிக்கொண்டிருக்கும்போதே இது நடக்க வேண்டும். ஒரு ஷிப்டில் அவர் நடக்கும் தூரம் பல கிலோமீட்டர்.

பாபின்கள் நிரம்பியதும் இயந்திரத்தை நிறுத்தி, நிரம்பியவற்றை எடுத்துவிட்டு வெற்றுப் பாபின்களை மாட்டுவது 'டாஃபிங்'. ஒரு கை எடுக்க, மறு கை மாட்ட, டாஃபர் குழுவினர் வரிசை நெடுகக் கும்மியடிப்பதுபோல் ஒரே சீராக நகர்வர். இயந்திரம் நின்றிருக்கும் ஒவ்வொரு நிமிடமும் இழப்பு என்பதால் இந்த வேகம் வற்புறுத்தப்பட்டது.

இதே ஆற்றுப் படுகையின் பத்தமடையில், ஆற்றங்கரைக் கோரையைக் கிழித்து ஊறவைத்துப் பாய் நெய்கின்றனர். வீரவநல்லூரில் கைத்தறி உண்டு. அங்கும் தாளம் உண்டு, சீர் உண்டு. ஆனால் நெய்பவர் கை ஓய்ந்தால் தறியும் ஓயும். பஞ்சாலையில் முறை மாறிவிட்டது. கதிர் நிற்காதவரை கை ஓய முடியாது. கைத்தறிக்காரரும் இம்மாற்றத்துக்கு வெளியே இல்லை. அவருக்கு வேண்டிய நூல் ஆலையிலிருந்தே வந்தது. நூல் விலையேற்றத்தால் திருநெல்வேலி வட்டார நெசவாளர் பட்ட துன்பத்தைத் தொ. மு. சிதம்பர ரகுநாதன் 'பஞ்சும் பசியும்' (1953) நாவலில் எழுதினார்.

ஆலை ஊர்களில் நேரத்தை அறிவித்தது சங்கு. சங்கு ஊதினால் உலை வைப்பதும், பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்புவதும், ஷிப்டுக்குப் போவதும் என வீட்டு வேலையும் ஆலையின் கதிக்கு இசைந்தது.

வேலை நேரமும் சட்டமும்

இயந்திரத்துக்குக் களைப்பு இல்லை. மனிதர் எத்தனை மணி நேரம் அதனோடு ஓட வேண்டும் என்பதைத் தொடக்கத்தில் ஆலை முதலாளிகளே முடிவு செய்தனர். 1881-ஆம் ஆண்டின் முதல் இந்தியத் தொழிற்சாலைச் சட்டம் 7 முதல் 12 வயது வரையுள்ள குழந்தைகளின் வேலையை நாளுக்கு 9 மணி நேரமாக வரையறுத்தது. 1891-ஆம் ஆண்டுச் சட்டம் பெண்களுக்கு 11 மணி நேரம் என்றது. வயதுவந்த ஆண்களுக்கு எந்த வரம்பும் இல்லை.

இந்நிலையில்தான் ஹார்வி நிர்வாகத்தின் தூத்துக்குடி கோரல் ஆலையில் 1908 பிப்ரவரி 27 அன்று வேலைநிறுத்தம் தொடங்கியது. வ. உ. சிதம்பரம் பிள்ளையும் சுப்பிரமணிய சிவாவும் தொழிலாளருக்குத் துணை நின்றனர். கூலி உயர்வும் வார விடுமுறையும் முதன்மைக் கோரிக்கைகள். நகர மக்கள் தொழிலாளருக்கு ஆதரவளித்தனர். மார்ச் முதல் வாரத்தில் நிர்வாகம் இணங்கியது. மார்ச் 12 அன்று வ. உ. சி. கைது செய்யப்பட்டார், மறுநாள் திருநெல்வேலியில் பெரும் எழுச்சி மூண்டது. இந்தியத் தொழிலாளர் இயக்கத்தின் தொடக்க கால வெற்றிகளுள் ஒன்றாக இவ்வேலைநிறுத்தம் கருதப்படுகிறது.

1911-ஆம் ஆண்டுச் சட்டமே ஆலைகளில் ஆண்களின் வேலையை நாளுக்கு 12 மணி நேரமாக வரையறுத்தது. 1922-இல் நாளுக்கு 11 மணி, வாரத்துக்கு 60 மணி எனவும், 1934-இல் ஆண்டு முழுவதும் இயங்கும் ஆலைகளில் நாளுக்கு 10 மணி, வாரத்துக்கு 54 மணி எனவும், 1948-இல் நாளுக்கு 9 மணி, வாரத்துக்கு 48 மணி எனவும் அது குறைந்துவந்தது. அணை ஆற்றுக்குச் செய்ததைச் சட்டம் மனிதருக்குச் செய்தது எனினும் தகும். வேறுபாடு ஒன்றே: ஆற்றுக்கு அணை கட்ட ஆறு கேட்கவில்லை, சட்டத்தைத் தொழிலாளர் கேட்டுப் பெற்றனர்.

உடல்நல விளைவுகள்

பஞ்சாலையின் லயம் உடலில் விடும் தடங்கள் இரண்டு. முதலாவது, செவித்திறன் இழப்பு. இயந்திரங்களின் இடைவிடாத இரைச்சல் சிறிது சிறிதாகக் காதை மந்தமாக்கும். எட்டு மணி நேர வேலைக்கு 90 டெசிபல் என்பது இந்தியாவில் வரம்பு. நூற்புக் கூடங்களில் ஒலி இவ்வரம்பை ஒட்டியோ மேலாகவோ அமைவது உண்டு. காதடைப்பான் அணிவதே எளிய பாதுகாப்பு.

இரண்டாவது, பைசினோசிஸ் எனப்படும் பஞ்சுத் தூசி நோய். இந்நோய்க்கும் ஒரு கதி உண்டு. வார விடுமுறை முடிந்து வேலைக்குத் திரும்பும் முதல் நாளில் நெஞ்சு இறுக்கமும் மூச்சுத் திணறலும் மிகும். அடுத்தடுத்த நாட்களில் தணியும். அதனால் ஞாயிறு விடுமுறை உள்ள ஆலைகளில் இது திங்கட்கிழமை நோயாகவே அறியப்பட்டது. ஆண்டுகள் செல்லச் செல்ல இறுக்கம் எல்லா நாட்களிலும் நிலைத்துவிடும். தூசி மிகுந்த புளோ ரூம், கார்டிங் பகுதிகளில் ஆபத்து அதிகம். சட்டப்படி இது அறிவிக்கப்பட வேண்டிய தொழில்சார் நோய். தூசி உறிஞ்சும் அமைப்பு, முகக்கவசம், காலமுறை நுரையீரல் சோதனை ஆகியவை தடுப்பு முறைகள்.

இன்றைய நிலை

இந்தியாவில் நூற்பாலைகள் மிகுந்த மாநிலம் தமிழ்நாடு. புதிய ஆலைகளில் டாஃபிங்கை இயந்திரமே சில நிமிடங்களில் செய்கிறது. பட்டையின் தடிமனை உணர்கருவிகள் அளந்து, நீட்டும் அளவை உடனுக்குடன் திருத்துகின்றன. கோன் சுற்றும் இயந்திரம் நூலின் பழுதான பகுதியை வெட்டி, முடிச்சு தெரியாமல் ஒட்டுகிறது. சீரைக் காக்கும் பொறுப்பின் பெரும்பகுதி கையிலிருந்து கருவிக்கு மாறியுள்ளது.

ஆயினும் அறுந்த இழையை இணைக்கும் வேலைக்குப் பல ஆலைகளில் இன்றும் மனிதக் கைகளே வேண்டும். கடந்த சில பத்தாண்டுகளில் அக்கைகள் பெரும்பாலும் இளம்பெண்களுடையவை. தென் மாவட்டங்களிலிருந்து மேற்கு மாவட்ட ஆலைகளுக்குச் சென்ற பெண்களை, மூன்றாண்டு முடிவில் திருமணத்துக்கென மொத்தத் தொகை தருவதாகக் கூறி விடுதியில் தங்கவைத்து வேலை வாங்கும் முறை பரவலாக இருந்தது. நீண்ட வேலை நேரம், வெளியே செல்லத் தடை, இடையில் நின்றால் தொகை மறுப்பு ஆகியவை குறித்துக் கடும் கண்டனங்கள் எழுந்தன. 1908-இல் கேட்கப்பட்ட கேள்வி, இயந்திரத்தின் கதிக்கு மனிதர் எவ்வளவு நேரம், எந்த விலைக்கு இசைய வேண்டும் என்பது. அது இன்னும் முடிந்துபோகவில்லை.

ஆலையைப் பார்வையிடும் மாணவர்கள் கதிர்களின் லயத்தைக் கவனிப்பதோடு, அவற்றுக்கிடையே நடப்பவரின் காதிலும் முகத்திலும் பாதுகாப்புக் கவசம் உள்ளதா, அவர் எத்தனை மணிக்கு வேலைக்கு வந்தார் என்பவற்றையும் கவனித்தால், நூல் உருவாகும் முறையை முழுமையாக அறிந்தவர் ஆவர்.